சொல்லை அள்ளியவர்கள்: ஒலியைப் பொருளாக்கப் பார்த்த கனவின் கதை

"நெல்லைக் கொட்டினா அள்ளலாம், சொல்லைக் கொட்டினா அள்ள முடியாது" என்று எங்கள் அப்பாயி அடிக்கடி சொல்லும். யாராவது வாய் தவறி ஏதாவது பேசிவிட்டால் போதும், இந்தப் பழமொழி வந்துவிடும். உலகத்தில் யாருமே மறுக்க முடியாத உண்மை என்றுதான் நானும் நினைத்திருந்தேன். பிறகு ஒரு பிரெஞ்சுப் புத்தகத்தைப் படித்தேன். 1552ல் வந்தது. அதில் கப்பலில் போகிற ஒரு கூட்டம் கடல் நடுவில் சொற்களைக் கை கையாக அள்ளுகிறது. நிஜமாகவே அள்ளுகிறது.

இந்தப் பதிவு அந்தப் புத்தகத்திலிருந்து ஆரம்பிக்கவில்லை. ஒரு கேசட்டிலிருந்து ஆரம்பித்தது.

போன பொங்கலுக்கு வீட்டைச் சுத்தம் செய்தபோது பரணில் ஒரு பிஸ்கட் டின் கிடைத்தது. உள்ளே பழைய ரேஷன் கார்டு, ரெண்டு சாவி, ஒரு கேசட். 60 நிமிட கேசட். மேலே அப்பாவின் கையெழுத்தில் தேதி மட்டும் இருந்தது. அப்பா எண்பதுகளில் மஸ்கட்டில் வேலை பார்த்தார். போன் பேசக் காசு கட்டுப்படியாகாது. அதனால் கேசட்டில் பேசி, ஊருக்கு வருகிறவர்கள் கையில் கொடுத்து அனுப்புவார். நாங்கள் கேட்டுவிட்டு, அதன் மேலேயே பதில் பேசி, அடுத்து போகிறவர் கையில் கொடுத்துவிடுவோம். வளைகுடாவில் ஆள் இருந்த வீடுகளில் வளர்ந்தவர்களுக்கு இது தெரிந்திருக்கும். இதில் ஒரு விஷயம் உண்டு. பதில் பேசப் பேச, அவர் பேசியது அழிந்துகொண்டே போகும். அப்போது யாரும் அதைப் பற்றி யோசித்ததில்லை. கேசட் விலை அப்படி.

கிடைத்த கேசட் நாங்கள் பதில் பேசாத ஒன்று. அதை அனுப்பிய கொஞ்ச நாளில் அவரே ஊருக்கு வந்துவிட்டார், அதனால் அழியாமல் தப்பித்துவிட்டது. அப்பா இறந்து 15 வருஷத்துக்கு மேல் ஆகிறது. அவர் குரல் வேறு எதிலும் எங்களிடம் இல்லை.

டேப்பின் ஓரத்தில் வெள்ளையாகப் பூஞ்சை. ரிப்பேர் கடைக்காரர் பார்த்துவிட்டு, "சார், ஓடும். ஆனா ஒரு தடவைதான் ஓடும்னு வெச்சுக்குங்க. சிக்குச்சுன்னா என்னைச் சொல்லக்கூடாது" என்றார். நான் ஓடவிடாமல் எடுத்துக்கொண்டு வந்துவிட்டேன். பல வாரம் அது மேசை மேல் கிடந்தது. அந்த வாரங்களில்தான், டேப் என்ற ஒன்று வருவதற்கு முன்னால் மனிதர்கள் இதைப் பற்றி என்ன கனவு கண்டார்கள் என்று தேடிப் படிக்க ஆரம்பித்தேன். ஒலியைக் கையில் பிடிக்கிற பொருளாக, அடுக்கி வைக்கிற பொருளாக, சுவர் எழுப்புகிற பொருளாக நினைத்தவர்கள் யார் யார்? குறிப்புகள் நிறைய சேர்ந்துவிட்டன. பதிவு நீளம். பொறுமையாகப் படியுங்கள்.

பனியில் உறைந்த பேச்சு

எனக்குக் கிடைத்ததில் பழையது புளூட்டார்க் எழுதியது. சுமார் 1,900 வருஷத்துக்கு முந்தைய கிரேக்கர். ஆன்டிஃபனீஸ் என்பவர் சொன்னதாக ஒரு வேடிக்கைக் கதையைச் சொல்கிறார். ஒரு ஊரில் அவ்வளவு குளிர். குளிர்காலத்தில் பேசிய பேச்சு வாயை விட்டு வந்ததுமே உறைந்துவிடும். கோடை வந்து உருகியபிறகுதான் மக்கள் அதைக் கேட்பார்கள். இதைப் பிளேட்டோவின் மாணவர்களோடு ஒப்பிடுகிறார்: இளம் வயதில் கேட்ட பாடம், வயசான பிறகுதான் அவர்களுக்குப் புரிந்ததாம். ஜோக் என்றாலும் யோசிக்க வைக்கிற ஜோக்.

1528ல் இத்தாலியில் காஸ்டிலியோனே எழுதிய "அரசவையாளர்" என்ற புத்தகத்தில் இதே கதை வியாபாரிகள் நடுவே வருகிறது. இத்தாலிய வியாபாரி ஒருவர் கீரித்தோல் போல விலை உயர்ந்த ஒருவகை மென்மயிர்த் தோல் வாங்கப் போலந்து பக்கம் போகிறார். விற்கிறவர்கள் ரஷ்யர்கள். நடுவில் நீப்பர் ஆறு உறைந்து கிடக்கிறது. சண்டை நடக்கிற காலம், அதனால் ஆற்றைக் கடக்கப் பயம். அக்கரையிலிருந்து விலையைக் கத்துகிறார்கள். சத்தம் பாதி ஆற்றிலேயே உறைந்து நின்றுவிடுகிறது. விஷயம் தெரிந்த போலந்துக்காரர்கள் ஆற்றின் நடுவே பனிக்கட்டி மேல் நெருப்பு மூட்டுகிறார்கள். சொற்கள் உருகி வந்து சேர்கின்றன. கடைசியில் என்ன? விலை ரொம்ப அதிகம். வியாபாரி வாங்காமலே திரும்பிவிடுகிறார்.

இதைப் படித்தபோது சிரித்துவிட்டேன். இவ்வளவு பாடுபட்டு உருக்கிக் கேட்டது வெறும் விலைப் பேச்சு! ஆனால் எங்கள் வீட்டு கேசட்டுகளும் அப்படித்தான். அப்பா அதிகம் பேசியது பணம் எவ்வளவு அனுப்பினேன், அதில் யாருக்கு எவ்வளவு என்பதுதான்.

அப்புறம் 1552. ரபெலே எழுதிய நான்காம் புத்தகம். பான்டக்ரூயல் என்ற ராட்சத நாயகன் கூட்டாளிகளோடு கப்பலில் போகிறான். வட கடலின் விளிம்பில் திடீரென்று குரல்கள் கேட்கின்றன. ஆள் யாரும் இல்லை. எல்லோரும் நடுங்குகிறார்கள். மாலுமி விளக்குகிறார்: போன குளிர்காலத் தொடக்கத்தில் இங்கே பெரிய போர் நடந்தது, அதன் கூச்சல், ஆயுதச் சத்தம், குதிரைக் கனைப்பு எல்லாம் காற்றிலேயே உறைந்துவிட்டது, இப்போது வெயில் வந்ததால் உருகுகிறது. உடனே பான்டக்ரூயல் கை நிறைய அள்ளிக் கப்பல் தளத்தில் போடுகிறான். கலர் கலரான சர்க்கரை மிட்டாய் மாதிரி இருக்கின்றன: சிவப்பு, பச்சை, நீலம், கருப்பு, பொன் நிறம். கையில் வைத்துச் சூடாக்கினால் பனி மாதிரி உருகி, சத்தம் வருகிறது. மொழிதான் புரியவில்லை. ஒரு பெரிய சொல், நெருப்பில் போட்ட கொட்டை மாதிரி படாரென்று வெடிக்கிறது.

நான் திரும்பத் திரும்பப் படித்த இடம் அடுத்து வருவது. கதை சொல்லிக்கு ஆசை வருகிறது. சில நல்ல சொற்களை எண்ணெயிலோ வைக்கோலிலோ பொதிந்து பத்திரப்படுத்தலாம் என்கிறான். பான்டக்ரூயல் கூடாது என்கிறான். எப்போதும் கைக்குக் கிடைக்கிற ஒன்றைச் சேமித்து வைப்பது முட்டாள்தனம் என்பது அவன் வாதம். நம்மிடம் பேச்சுக்கா பஞ்சம்?

எண்பதுகளில் கேசட் மேல் கேசட்டாக அழித்துப் பேசியபோது நாங்களும் பான்டக்ரூயல் கட்சிதான். பேசுகிற ஆள் உயிரோடு இருக்கும்வரை அந்த வாதம் சரி. ஆள் போனபிறகு கதை சொல்லியின் கட்சிக்கு மாறிவிடுகிறோம்.

இன்னொன்றையும் கவனியுங்கள். இந்தக் கதைகளில் உறைந்த சொல்லை ஒரே ஒரு தடவைதான் கேட்க முடியும். உருக்கினால் போயிற்று. வைத்திருக்கலாம், இல்லை கேட்கலாம். ரெண்டும் சேர்ந்து கிடையாது. கடைக்காரர் எனக்குச் சொன்னதும் இதேதான்.

பஞ்சும் பெட்டியும்

17ஆம் நூற்றாண்டில் கனவு கொஞ்சம் மாறுகிறது. குளிர் தற்செயலாக நடக்கிற விஷயம். இப்போது மனிதன் தானே வேண்டுமென்று செய்கிற ஒரு பொருள் தேவைப்படுகிறது.

1627ல் வெளியான பிரான்சிஸ் பேக்கனின் "புதிய அட்லாண்டிஸ்" கற்பனைத் தீவில் ஒலி வீடுகள் உண்டு. எல்லா ஒலிகளையும் உண்டாக்கிப் பழகுகிற ஆய்வுக்கூடங்கள். குழாய்கள் வழியாகத் தூரத்துக்கு ஒலியை அனுப்புகிறார்கள், செயற்கை எதிரொலி செய்கிறார்கள். ஆனால் சேமிக்கவில்லை.

சேமிப்பதை 1632ல் பிரான்சில் வந்த ஒரு கேலிப் பிரசுரம் செய்கிறது. சார்ல் சொரெல் எழுதியது என்பார்கள். தென்கடல் பக்கம் ஒரு நாட்டில் ஒருவிதக் கடற்பஞ்சு கிடைக்கிறதாம். நாம் பஞ்சில் தண்ணீரைத் தேக்குகிற மாதிரி அவர்கள் குரலைத் தேக்குவார்கள். தூரத்தில் இருப்பவருக்குச் செய்தி சொல்ல வேண்டுமானால், பஞ்சில் பேசி அனுப்பிவிடலாம். வாங்கியவர் மெல்லப் பிழிந்தால் பேச்சு வரும். கடல் தாண்டிக் கைமாறிப் போகிற குரல். இதைப் படித்ததும் எனக்கு மஸ்கட்தான் ஞாபகம் வந்தது.

சிரானோ டி பெர்ஜெராக் இறந்தபின் 1657ல் வெளியான நிலாப் பயணக் கதையில் புத்தகங்களுக்குப் பக்கமே இல்லை. சின்னப் பெட்டி, உள்ளே கடிகாரம் மாதிரி நுணுக்கமான விசைகள். வேண்டிய அத்தியாயத்தில் முள்ளை வைத்தால் காதுக்குப் பேசும். காதில் தொங்கவிட்டுக்கொண்டே நடக்கலாம். இன்றைக்குப் பஸ்ஸில் பக்கத்து சீட்டில் உட்கார்ந்திருக்கிற பையன்!

18ஆம் நூற்றாண்டின் இறுதியில் புகழ்பெற்ற முன்சாவுசன் பிரபுவின் புளுகுக் கதைகளில் பழைய பனி திரும்ப வருகிறது. ரஷ்யக் குளிரில் வண்டிக்காரன் கொம்பு ஊதுகிறான், சத்தமே வரவில்லை. சத்திரத்துக்கு வந்து அடுப்பருகே கொம்பை மாட்டினால், உறைந்திருந்த பாட்டெல்லாம் ஒவ்வொன்றாக வெளியே வருகிறது. பேச்சுக்குப் பதில் இப்போது இசை.

கல்லும் யாழும்

இதுவரை சொன்னது ஒலியைப் பொருளாக்கும் கனவு. எதிர்த்திசையிலும் ஒரு கனவு உண்டு. கட்டடமே ஒலியால் ஆனது என்பது.

கிரேக்கப் புராணத்தில் தீப்ஸ் நகர மதிலைக் கட்டியவர்கள் ஆம்பியோன், ஸீத்தஸ் என்ற இரட்டையர்கள். ஸீத்தஸ் பலசாலி. பாறையைத் தோளில் தூக்கி வருகிறான். ஆம்பியோன் யாழ் வாசிக்கிறான். அதைவிடப் பெரிய பாறைகள் தாமாகவே அவன் பின்னால் வருகின்றன. அந்த நகரத்துக்கு ஏழு வாசல். யாழுக்கு ஏழு நரம்பு. இந்த ரெண்டு பேரையும் பார்த்தால் எனக்குக் கல் தச்சர்களும் தவில் நாயனமும் ஒரே கோயிலில் இருப்பது நினைவுக்கு வரும். தூக்குகிற வேலை ஒருத்தருக்கு, பேர் இன்னொருத்தருக்கு.

கி.பி. 2ஆம் நூற்றாண்டில் கிரேக்க நாடு முழுக்கச் சுற்றி எழுதிய பௌசானியஸ், மெகாரா என்ற ஊரில் ஒரு கல்லைக் காட்டுகிறார். அந்த ஊர் மதிலைக் கட்ட அப்போலோ தேவனே உதவினானாம். வேலை செய்யும்போது யாழை இறக்கி வைத்த கல் அது. கூழாங்கல்லால் தட்டினால் யாழ் நரம்பைத் தட்டிய மாதிரி ஒலிக்கும் என்கிறார். கூடவே, இதைவிட ஆச்சரியம் எகிப்தில் பார்த்தேன் என்று சொல்லிவிட்டுப் போகிறார்.

அந்த எகிப்துச் சிலைதான் மெம்னான். உண்மையில் அது அரசன் மூன்றாம் அமென்ஹோதெப்பின் சிலை, லக்சருக்கு எதிரே நைலின் மேற்குக் கரையில் இருக்கிறது. ஜோடிச் சிலைகள், ஒவ்வொன்றும் சுமார் 18 மீட்டர் உயரம். கி.மு. 27 வாக்கில் வந்த நில நடுக்கத்தில் ஒன்றின் மேல்பாதி விழுந்தது. அதற்குப் பிறகு விடிகாலையில் அந்த உடைந்த சிலையிலிருந்து நரம்பு அறுந்த மாதிரி ஒரு சத்தம் கேட்க ஆரம்பித்தது. இரவுப் பனியின் ஈரம் கல்லின் விரிசல்களில் வெயில் பட்டு ஆவியாவதால் வரும் சத்தம் என்பது பொதுவாகச் சொல்லப்படும் விளக்கம். ஸ்டிராபோ என்ற புவியியல் அறிஞர் நேரில் கேட்டார். ஆனால் சத்தம் சிலையிலிருந்து வந்ததா, சுற்றி நின்ற ஆட்கள் யாராவது செய்ததா என்று தெரியவில்லை என எழுதி வைத்தார். எனக்கு ரொம்பப் பிடித்த ஆள். கி.பி. 130ல் பேரரசர் ஹேட்ரியன் வந்தார், கூட வந்த ஜூலியா பால்பில்லா என்ற பெண் கவிஞர் எழுதிய பாடல்கள் சிலையின் காலில் இன்னும் இருக்கின்றன. அவற்றோடு நூற்றுக்கும் மேற்பட்ட வரவுக் குறிப்புகள். "இன்னார் வந்தேன், கேட்டேன்" என்கிற ரகம்.

அப்புறம் சிலையைப் பழுது பார்த்தார்கள். பேரரசர் செப்டிமியஸ் செவரஸ் செய்தார் என்பது மரபாகச் சொல்லப்படுவது, கி.பி. 199 வாக்கில். மேல்பாதியைக் கல் அடுக்கிச் சரி செய்தார்கள். அதோடு சத்தம் நின்றுவிட்டது.

ரிப்பேர் பண்ணினதால் குரல் போன சிலை. மேசை மேல் கேசட்டை வைத்துக்கொண்டு இதைப் படித்தால் எப்படி இருக்கும் என்று நினைத்துப் பாருங்கள்.

நம்ம ஊர்த் தூண்கள்

ஒலிக்கும் கல் என்றதும் உங்களுக்கு நம்ம இசைத்தூண்கள் ஞாபகம் வந்திருக்கும். சுசீந்திரம், மதுரை, நெல்லையப்பர் கோயில், ஆழ்வார்திருநகரி, அப்புறம் ஹம்பியின் விட்டலர் கோயில். வாட்ஸப்பில் வருவதை நம்பினால், இந்தக் கல் சாதாரணக் கல்லே இல்லை. உள்ளே உலோகம் ஊற்றியது, நடுவில் குழாய் குடைந்தது, இன்றைக்கு யாருக்கும் தெரியாத ரகசியக் கலவை. பனியில் உறைந்த சொல்லுக்கும் கடற்பஞ்சுக்கும் இது கூடப்பிறந்த தம்பி. இல்லாத ஒரு பொருளைக் கற்பனை செய்வதில் ஐரோப்பியர்களுக்கு நாம் சளைத்தவர்கள் இல்லை.

கல்பாக்கம் இந்திரா காந்தி அணு ஆராய்ச்சி மையத்து விஞ்ஞானிகள் ஹம்பித் தூண்களைச் சேதமில்லாத சோதனை முறைகளில் ஆராய்ந்திருக்கிறார்கள். அணு உலைக் குழாய்களில் விரிசல் பார்க்கிற அதே வித்தை. தூண்கள் முழுக்கக் கெட்டி, உள்ளே குழாயும் இல்லை, ஒன்றும் இல்லை என்பது முடிவு. தட்டும்போது ஒல்லியான கல் தண்டு லேசாக வளைந்து அதிர்கிறது, அதுதான் சுரம். இப்படி வளைந்து அதிரும் தண்டில், தடிமன் கூடினால் சுருதி ஏறும். நீளம் பாதியானால் அதிர்வெண் நாலு மடங்காகும், அதாவது ரெண்டு ஸ்தாயி மேலே போகும். ஒரே கல்லில் பக்கத்துப் பக்கத்துத் தண்டுகளை நீளமும் தடிமனும் கொஞ்சம் கொஞ்சம் மாற்றிச் செதுக்கினால் வேறு வேறு சுரம் கிடைக்கும். கொஞ்சம் அதிகமாகச் செதுக்கிவிட்டால் திரும்ப ஒட்ட முடியாது என்பதுதான் இதில் கஷ்டம்.

அதற்கு முன்னால் நல்ல கல் கிடைக்க வேண்டும். உள்ளே விரிசல் இருந்தால் கல் "தொப்" என்று சொல்லும், மணி மாதிரி சொல்லாது. சிற்பிகள் கல்லைத் தட்டிப் பார்த்து, ஓசையை வைத்து ஆண் கல், பெண் கல் என்று பிரிக்கிற வழக்கம் இதிலிருந்து வந்ததுதான். ரகசியம் கல்லில் இல்லை, காதில் இருந்தது. ரகசிய உலோகம் என்று சொல்லும்போது அந்தக் காதின் உழைப்பைத்தான் நாம் தெரியாமல் கழித்துவிடுகிறோம். எனக்கு இதில் வருத்தம் உண்டு.

இன்னொரு வருத்தமும் உண்டு. சின்ன வயசில் சுசீந்திரத்தில் நானே தட்டியிருக்கிறேன். ஆளாளுக்குக் காசாலும் சாவியாலும் தட்டித் தட்டி, இப்போது பல கோயில்களில் தூணைத் தொடவிடாமல் தடுப்பு போட வேண்டி வந்துவிட்டது. தட்டினால்தான் கேட்கும், தட்டத் தட்டத் தேயும். மறுபடியும் அதே ரபெலே கதை.

எட்டு நிமிஷக் கட்டடம்

கட்டடக்கலை உறைந்த இசை என்ற வாக்கியத்தை எங்கேயாவது படித்திருப்பீர்கள். ஜெர்மன் தத்துவவாதி ஷெல்லிங் 1802-03 வாக்கில் கொடுத்த விரிவுரைகளில் இந்தக் கருத்து இருக்கிறது. கதே 1829ல் எக்கர்மானோடு பேசும்போது இதையே சொன்னார். அங்கே அது உவமை. 1958ல் ஒருவர் அதைக் கான்கிரீட்டில் செய்து பார்த்தார்.

யான்னிஸ் ஸெனாக்கிஸ். கிரேக்கர், பொறியாளர், இசையமைப்பாளர். பாரிஸில் கட்டடக்கலைஞர் லெ கோர்பூசியேயிடம் வேலை பார்த்தார். 1955ல் முதலில் அரங்கேறிய "மெட்டாஸ்டாஸிஸ்" என்ற அவர் இசையில், பல வயலின்கள் ஒரே சமயம் ஒவ்வொன்றும் ஒரு சுரத்திலிருந்து வேறொன்றுக்கு வழுக்கிக்கொண்டே போகும். அதை வரைபடமாக வரைந்தால் நேர்க்கோடுகள் சேர்ந்து வளைந்த பரப்புகள் உண்டாகும். அதே மாதிரியான பரப்புகளைக் கொண்டு 1958 பிரஸ்ஸல்ஸ் உலகக் கண்காட்சியில் பிலிப்ஸ் அரங்கத்தின் சுவர்களை வடிவமைத்தார். உள்ளே 300க்கும் மேற்பட்ட ஒலிபெருக்கிகள், எட்கார் வரேஸ் அமைத்த எட்டு நிமிட மின்னணு இசை சுவரெங்கும் ஓடும். ஒரு கூட்டம் வெளியேறி அடுத்த கூட்டம் உள்ளே வரும் இடைவெளியில் ஸெனாக்கிஸின் சின்னப் படைப்பு ஒன்று ஒலிக்கும். அது எரியும் கரியின் சடசடப்பிலிருந்து செய்தது.

ஆம்பியோனுக்கு ரொம்பக் கிட்டே வந்த ஆள் இவர்தான் என்பேன். ஆனால் கண்காட்சி முடிந்து 1959 ஜனவரியில் அரங்கத்தை இடித்துவிட்டார்கள். கட்டடம் போய்விட்டது, இசை டேப்பில் இருக்கிறது. கல்தான் நிற்கும், பாட்டு கரைந்துவிடும் என்று காலம் காலமாக நினைத்தது இங்கே தலைகீழ்.

அடுத்த வருஷமே, 1960ல், ஜே.ஜி. பல்லார்ட் என்ற ஆங்கில எழுத்தாளர் ஒரு சிறுகதை எழுதினார். அந்த உலகத்தில் சத்தம் சுவர்களில் படிந்துவிடும், தூசி மாதிரி. கத்தல், சண்டை, கைதட்டல் எல்லாம் சுவரில் ஒட்டிக்கொண்டு முணுமுணுக்கும். அதை உறிஞ்சி எடுத்து ஊருக்கு வெளியே கொட்டுகிற வேலைக்கு ஆள் உண்டு. நாயகன் அந்த வேலை பார்க்கிற ஒரு ஊமை. நம் தமிழில் இது இன்னும் பொருத்தம்: ஒலியைக் கூட்டிப் பெருக்குகிறவன், அவனும் ஒலிபெருக்கிதானே!

இது வெறும் கதைக்காரன் மூளை என்று தள்ளிவிட வேண்டாம். கணினியின் முன்னோடி சார்ல்ஸ் பேபேஜ் 1837ல் இதையே சீரியஸாக எழுதினார். பேசிய ஒவ்வொரு சொல்லும் காற்றின் துகள்களை அசைத்துவிடுகிறது, அந்த அசைவு ஒருபோதும் முழுக்க அழியாது, ஆகவே காற்று என்பது மனிதன் பேசியதெல்லாம் பதிந்த மாபெரும் நூலகம் என்பது அவர் வாதம். கணக்குப் போட்டவரின் கனவு அது. படிக்கத்தான் வழியில்லை.

புகைக்கரி

பனி, பஞ்சு, விசைப்பெட்டி, கல், காற்று. கடைசியில் ஒலியைப் பிடித்த பொருள் எது? விளக்குப் புகைக்கரி.

பாரிஸில் அச்சுத் தொழிலில் இருந்த எத்வார் லெயோன் ஸ்காட் 1857ல் ஒரு கருவிக்குக் காப்புரிமை வாங்கினார். ஒரு சவ்வு, அதில் ஒட்டிய மயிர், சுழலும் உருளை மேல் புகைக்கரி பூசிய காகிதம். பேசினால் சவ்வு அதிரும், மயிர் கரியில் கோடு கீறும். அவ்வளவுதான். 1860 ஏப்ரல் 9 அன்று ஒரு பிரெஞ்சு நாட்டுப்பாடலின் சில நொடிகளை அப்படிப் பதிந்தார்.

வேடிக்கை என்னவென்றால், அதைத் திரும்பக் கேட்க வேண்டும் என்று அவர் ஆசைப்படவே இல்லை. ஒலி தானே தன்னை எழுதிக்கொள்ள வேண்டும், நாம் அதைக் கண்ணால் படிக்க வேண்டும் என்பதுதான் அவர் நோக்கம். இரண்டாயிரம் வருஷம் கனவு கண்டவர்கள் எல்லோரும் கேட்க ஆசைப்பட்டார்கள், பிடிக்கத் தெரியவில்லை. பிடிக்கத் தெரிந்தவருக்குக் கேட்கும் ஆசை இல்லை. 1877ல் எடிசன் தகரத்தாளில் பதிந்து திரும்ப ஒலிக்கவிட்டபோது, அது தன் வழி அல்ல என்றே ஸ்காட் வாதாடினார். எடிசனின் தகரத்தாளும் சில தடவை ஓட்டினால் தேய்ந்துவிடும் என்பதையும் சொல்லிவிடுகிறேன்.

2008ல் அமெரிக்க ஆய்வாளர்கள் ஸ்காட்டின் காகிதத்தைத் தொடாமல், படமாக ஸ்கேன் எடுத்து, கோடுகளைக் கணினியில் ஒலியாக்கினார்கள். முதலில் ஒரு பெண் குரல் போலக் கேட்டது. அப்புறம்தான் இரட்டிப்பு வேகத்தில் ஓட்டிவிட்டோம் என்று தெரிந்தது. சரி செய்தபோது வந்தது ஒரு ஆணின் மெதுவான குரல், பெரும்பாலும் ஸ்காட்டே பாடியது. 148 வருஷம் உறைந்து கிடந்து உருகிய குரல். உருகியும் கரையாத முதல் சொல் அதுவாகத்தான் இருக்கும். அந்தக் காகிதம் அப்படியே இருக்கிறது.

இதைப் படித்தபிறகுதான் எனக்குக் கேசட் மேல் கை வைக்கத் தைரியம் வந்தது.

ஒரே ஒரு தடவை

பிலிப்ஸ் அந்த அரங்கத்தை இடித்த நாலரை வருஷத்தில், 1963ல், உலகத்துக்கு அறிமுகம் செய்ததுதான் இந்தச் சின்னக் கேசட். 4 மில்லிமீட்டருக்கும் குறைவான அகலம், 60 நிமிட கேசட் என்றால் 90 மீட்டருக்குக் கொஞ்சம் குறைவான நீளம். பிளாஸ்டிக் நாடாவின் மேல் இரும்பு ஆக்ஸைடு, எளிதாகச் சொன்னால் துரு. அப்பாவின் குரல் இருந்த பொருள் அதுதான்.

வேறொரு ஊரில், பழைய டேப்புகளை மட்டும் பார்க்கிற ஒருவரைப் பிடித்தேன். அவர் ஓட்டவே இல்லை முதலில். பூஞ்சையைத் துடைத்து, டேப்பைப் புதுக் கூட்டுக்கு மாற்றி, கையாலேயே ஒரு முறை முன்னும் பின்னும் சுற்றி, அப்புறம் ஒரே ஓட்டமாக ஓட்டிக் கணினியில் ஏற்றினார். நடுவில் ஒரு இடத்தில் கிறீச்சிட்டது. சில நொடிகள் போய்விட்டன. மீதி வந்துவிட்டது.

வீட்டுக்கு வந்து அம்மாவிடம் சொன்னேன். "எதுக்குடா அதெல்லாம் நோண்டிக்கிட்டு? இருந்தப்ப பேசினது போதாதா?" என்றுவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டது. பான்டக்ரூயல் எங்கள் வீட்டிலும் உண்டு. நான் கூடத்தில் உட்கார்ந்து கேட்டேன்.

விசேஷமாக ஒன்றுமில்லை. சித்தப்பாவுக்குக் கொடுத்த பணம், கிணற்று மோட்டார், வேலைக்குப் புதிதாக வந்த ஒரு கேரளத்துக்காரர். என்னிடம், "தம்பி, கணக்குல எத்தனைடா?" என்று கேட்டுவிட்டுக் கொஞ்ச நேரம் பேசாமல் இருக்கிறார். நான் பதில் சொல்வதற்கு இடம் விடுகிற மாதிரி. பின்னால் ஏசி மெஷின் உறுமுகிறது. அப்படி ஒவ்வொரு கேள்விக்குப் பிறகும் இடம் விடுகிறார். கேசட்டில் பேசியதை நான் பையனாக எத்தனையோ தடவை கேட்டிருக்கிறேன், இந்த இடைவெளியை அப்போது கவனித்ததே இல்லை.

"கொல்லைப் பக்கம் ஓடு மாத்தியாச்சா?" என்று கேட்டார். இடைவெளி.

"மாத்தியாச்சு, மாத்தியாச்சு" என்றது அம்மா, அடுப்படியிலிருந்து.

அதற்குமேல் நாங்கள் அதைப் பற்றிப் பேசிக்கொள்ளவில்லை. கோப்பை மூன்று இடத்தில் நகல் எடுத்து வைத்திருக்கிறேன், தங்கச்சிக்கும் ஒன்று அனுப்பியாயிற்று.

உங்கள் வீட்டுப் பரணிலும் இப்படி ஒன்று இருந்தால் ஒரு வேண்டுகோள். ஆசையில் உடனே டேப் ரெக்கார்டரில் போட்டு அமுக்கிவிடாதீர்கள். வெளிச்சத்தில் வைத்து டேப்பின் ஓரத்தில் வெள்ளை படிந்திருக்கிறதா பாருங்கள். படிந்திருந்தால் வெயிலில் காயவைக்க வேண்டாம், ஓட்டவும் வேண்டாம், தெரிந்தவரிடம் கொடுங்கள். சுத்தமாக இருந்தாலும், முதல் ஓட்டத்திலேயே பதிவு செய்துகொள்ளத் தயாராக இருங்கள். அந்த முதல் தடவை நன்றாக ஓடலாம். இரண்டாவது தடவைக்கு யாரும் உத்தரவாதம் தர முடியாது.